எட்டு சென்டிமீட்டர்

பஸ் டிப்போவில் பிரேக் பார்ப்பது என் வேலை.
நாற்பத்தோரு வயதுவரை
ஒரு பித்தான்கூடத் தைத்ததில்லை.
பள்ளியில் தையல் வகுப்பு வரும் நாளில்
வயிற்றுவலி என்று சொல்லிவிட்டு
மரப்பட்டறைக்குள் போய் ஒளிந்துகொள்வேன்.

குன்னெல் சொல்லிவிட்டாள்:
அவளுடைய ஐம்பத்தேழாம் வருஷத்து ஷெவர்லேயில்
முன்சீட்டில் உட்கார வேண்டுமென்றால்
காருக்கேற்ற தலை வேண்டுமாம்.
உச்சியில் முறுக்கினால்
முயல் காதாக இரு முனையும் நிமிர்ந்து நிற்குமே,
உள்ளே கம்பி வைத்த துணிப்பட்டை,
அந்தக் காலத்துப் பெண்கள் கட்டியது.
கடையில் முந்நூறு க்ரோனா.
முந்நூறுக்கு ஒரு நல்ல ஸ்பேனர் வரும்.

துணி, விற்றுவிட்ட கேரவனின் ஜன்னல் திரை.
செர்ரிப் பழம் போட்டது.
மடிப்பு மேடுகளை வெயில் தின்றது போக
பள்ளங்களில் மட்டும் சிவப்பு பாக்கி.

ஜூன் மாதம், இரவு பதினொரு மணி.
சாலாவில் இன்னும் இருட்டவில்லை.
விளக்குப் போடாமலே ஊசியில் நூல் கோக்கலாம்.
அது வெளிச்சத்தின் கருத்து.
நான் ஆறு முறை எச்சில் தொட்டேன்.
ஊசி போன வழியே நூல் போகும் என்பார்கள்;
என் ஊசி போய்விட்டது,
நூல் மேஜைமேல் கிடந்து
என்னைப் பார்த்துக்கொண்டிருந்தது.
முடிச்சுப் போட மறந்திருக்கிறேன்.

செர்ரிகள் ஒன்றையொன்று பார்க்கும்படி
இரண்டு துண்டையும் அடுக்கி,
சோப்புத் துண்டால் கோடு கிழித்து,
ஒரு எட்டு முன்னே, அரை எட்டு பின்னே,
ஐஸில் நடக்கிறவளைப் போல
முழுக்கச் சுற்றி வந்தேன்.
கடைசி முடிச்சை இறுக்கி
நூலைப் பல்லால் கடித்தபோது
பெருமையாகத்தான் இருந்தது.

அப்புறம்தான் உறைத்தது.
பழமெல்லாம் உள்ளே.
திருப்பிப் போட வழியே இல்லை.
கியர்பாக்ஸ் மூடி போல
ஒரு சொட்டு கசியாமல் அடைத்து வைத்திருக்கிறேன்.

என் தொழிலில் திறப்பு என்றால் கோளாறு.
இங்கே, எட்டு சென்டிமீட்டர்,
வேண்டுமென்றே விட வேண்டுமாம்.
நகவெட்டியின் முனையால்
ஒவ்வொரு தையலாகப் பிரித்தேன்.
கரண்டிக் காம்பை முனையில் வைத்துத் தள்ளத் தள்ள
பட்டை தன்னைத் தானே விழுங்கி
கடைசியில்
செர்ரி செர்ரியாக வெளியே வந்தது.
சமையலறையில் யாருமில்லை.
இருந்தாலும் கைதட்டினேன்.

கம்பி எனக்குத் தெரியும்.
கம்பியிடம் கெஞ்ச வேண்டியதில்லை.
நுனி துணியைக் குத்தாதபடி
குறடால் வளைத்து, சுருட்டி, உள்ளே அனுப்பினேன்.
பிறகு அந்த எட்டு சென்டிமீட்டர்.
தையல் வெளியே தெரியக் கூடாதாம்.
தெரிந்தது.
பால்பல் விழுந்து முளைக்கும் குழந்தையின்
சிரிப்பைப் போலத் தெரிந்தது.
அதைப் பிடரிப் பக்கம் வைத்துக் கட்டிக்கொண்டேன்.

வெஸ்டரோஸில் ஆயிரம் கார்கள்.
மெழுகு வாசனை, வறுத்த வெங்காய வாசனை.
யாரும் என் பிடரியைப் பார்க்கவில்லை.

திரும்பும் வழியில்
கோதுமை வயல்களுக்கு நடுவே
பானட்டின் கொக்கி உடைந்தது.
முழு வானத்தையும் மறைத்துக்கொண்டு
அது எழும்பப் பார்க்க,
குன்னெல் பிரேக்கை மிதித்தாள்.
பிரேக் பிடித்தது. அது நான் பார்த்தது.
காரில் கயிறு இல்லை.
உதட்டுச்சாயம் மூன்று இருந்தது,
காபி பிளாஸ்க் இருந்தது.
குன்னெல் பானட்டைப் பார்த்தாள்.
அப்புறம் என் தலையைப் பார்த்தாள்.

கொக்கியில் இரண்டு சுற்று,
கிரில்லில் ஒரு முறுக்கு.
ஷெவர்லேயின் நெற்றியில்
செர்ரிக் காதுகள் இரண்டும் நிமிர்ந்து நின்றன.
"அதுக்குத்தான் எடுப்பாக இருக்கு" என்றாள்.

சாலாவுக்கு இன்னும் முப்பது கிலோமீட்டர்.
என் முடி என் வாயில்,
என் கண்ணில், குன்னெலின் மூக்கில்.
ஒதுக்கிவிடத் தோன்றவில்லை.
கண்ணாடிக்கு அப்பால்
காற்று முழுக்க வந்து மோதும் இடத்தில்
அந்தக் கோணல் தையல்.
ஒவ்வொரு குழியிலும் எண்ணிக்கொண்டே வந்தேன்.
ஒன்றுகூட விடவில்லை.