பேய்த்தனமாய்

“பேய்த்தனமா ஓடினவன் ஐயா”
என்று சொல்லிவிட்டு
இராசமலர் தண்ணீர் கேட்டாள்.
மாங்குளம் பொலிஸ், பிற்பகல் இரண்டேகால்,
கரண்ட் இல்லை.

சார்ஜன்ட் பேனையைத் தூக்கிப் பிடித்தபடி
என்னைப் பார்த்தார்.
சிங்களத்தில் ஒரு சொல் வேண்டும் அவருக்கு.
ஒன்றே ஒன்று.
சொல்லுக்குச் சொல் கொடுப்பது என் வேலை,
பஸ் கொண்டக்டர் மிச்சக்காசு கொடுப்பதுபோல,
சிலவேளை குறைத்து.

ஒட்டுசுட்டான் வீதியில், விடியப்புறம்,
மணல் ஏற்றிய டிப்பர்.
தாரில் படுத்திருந்த மூன்று எருமைகள்.
அவற்றை எழுப்பப் போன
இராசமலரின் புருசனுடைய வலது கால்.
ஓட்டியவன் நிதுசன், வயது இருபத்தொன்று,
லீசிங் இரண்டு மாதம் கட்டவில்லை.
வாங்கின் நுனியில் இருந்து
தன் செருப்பையே பார்த்துக்கொண்டிருந்தான்.

“யகெக் வகேத?” என்றார் சார்ஜன்ட்.
பிசாசைப் போலவா?

ஓம் என்று சொல்லியிருக்கலாம்.
குளம் உடைக்கிற மழை பேய் மழை.
பேயாய் அடிக்கிறான் என்று
ஷெல்லுக்கும் சொன்னோம்,
வேறு சொல் கைவசம் இருக்கவில்லை.

ஆனால் நான் பிறந்த கனகராயன்குளத்தில்
பேய்ப்பாவல் என்பது வேலியில் காய்த்து
ஒருவரும் பறிக்காமல் பழுத்து வெடிப்பது.
பேயன் என்பவன்
கடனைக் கொடுத்துவிட்டுத்
திருப்பிக் கேட்க வெட்கப்படுகிறவன்.
வாங்கியவனோ பேய்க்காய்.
“நல்லாப் பேய்க்காட்டிப்போட்டான்” என்று
சங்கக்கடை வாசலில் சிரிப்பார்கள்.
இந்தப் பேய்கள் ஒன்றுக்கும் பல்லில்லை.
அதிலும் ‘தனம்’ வந்து ஒட்டினால்
பேய் இன்னும் மெலிந்துபோகும்.

பிசாசு என்று எழுதினால்
பொடியனுக்குப் பிணை கஷ்டம் என்று
வாசலில் நின்ற சட்டத்தரணி
காலையிலேயே என் காதில் போட்டிருந்தார்.
அதனாலேயே எனக்கு என்மேல் சந்தேகம்.
மெலிந்த பேயைத் தேடுவது நானா, சொல்லா?

“அக்கா, எந்தப் பேய்?” என்று கேட்டேன்.

பேயனைப் பார்ப்பதுபோல் என்னைப் பார்த்தாள்.

“இதென்ன கேள்வி தம்பி.
ஹோர்ன் அடிச்சா எருமை எழும்பும் எண்டு
நினைச்சு வந்திருக்கிறான்.
எருமை ஹோர்னுக்கு எழும்புமே?
நானும் ஒருக்கா பேய்த்தனமா ஓடினனான்,
ஆனந்தபுரத்திலையிருந்து.
காணி உறுதியும், பிள்ளையின்ரை
பிறப்புச் சான்றிதழும் கிடந்த பையை
பங்கருக்குள்ளை விட்டிட்டு
அம்மிக்குழவியைத் தூக்கிக்கொண்டு.
குழவி மட்டும். அம்மி இல்லை.
மாத்தளன் வரைக்கும் சுமந்தனான்.
ஏனெண்டு இண்டைக்கும் தெரியாது.”

சார்ஜன்ட் பேனையால் மேசையில் தட்டினார்.
இவ்வளவு நீளமாக என்ன சொல்கிறாள்?

“மோட விதிஹட” என்றேன்.
மடத்தனமாக.
இரண்டு சொல். எழுதினார்.

வாசித்துக் காட்டி, கையெழுத்து வாங்கி,
வெளியே வரும்போது
அவள் வாங்கருகில் நின்றாள்.
கால் போனது அவளுடைய வீட்டில்.
அடிக்கப் போகிறாள் என்றுதான் நினைத்தேன்.
“பேயா” என்றாள் அவனை.
அந்த ஆகாரம் ஏறியதா இறங்கியதா
எனக்குப் பிடிபடவில்லை.
அவன் எழுந்து நின்றான்.

முற்றத்து வெயிலில் குடையை விரித்தபடி
என்னிடம் கேட்டாள்:
“குழவியை எழுதினவரே?”
இல்லையக்கா.
“அதை எழுதாட்டி
அந்த மனிசனுக்கு எப்பிடி விளங்கும்?”