எறிஞ்சனான்

என் கடைக்கு வருகிற போன்களெல்லாம்
தாமாகவே விழுந்தவை.
மேசையிலிருந்து தானாய் நழுவி
சட்டைப் பையிலிருந்து தானாய்ப் பாய்ந்து
பொத்துவில் பஸ்ஸின் மிதிபலகையில்
தானாய் உருண்டு,
திரை தானாய்ச் சிதறியவை.

"விழுந்திட்டு" என்பார்கள்.
"நனைஞ்சிட்டு."
சின்ன முகத்துவாரத்துத் தோணிக்காரர் ஒருவரிடம்
உப்புப் பூத்த பலகையைப் பிரஷ்ஷால் தேய்த்தபடி கேட்டேன்,
கடலுக்குள் எப்படிப் போனது என்று.
"அது போயிட்டு தம்பி."
போன் என்றால் போகத்தானே செய்யும்.

அக்கரைப்பற்றுக் கடைத்தெருவில் பத்து வருஷம்
பூதக்கண்ணாடிக்குக் கீழே குனிந்திருக்கிறேன்.
விழுந்ததைத்தான் கண்டிருக்கிறேன்,
போட்டவரைக் கண்டதில்லை.

மாரி மழை விட்ட ஒரு பகல்
ஆலையடிவேம்பிலிருந்து ஒரு பெண் வந்தாள்.
ரசீதில் சிவரதி என்று எழுதினேன்.
கண்ணாடி மட்டுமல்ல, சட்டமே வளைந்திருந்தது.
வழக்கம்போல வசனத்தை நானே எடுத்துக் கொடுத்தேன்:
"விழுந்திட்டா?"

"இல்ல. நான்தான் எறிஞ்சனான்.
சுவரில."
பிறகு, குரல் மாறாமல்,
"எவ்வளவு முடியும்?"

எறிஞ்சனான்.
தொடக்கத்தில் ஒரு நான்.
வினை முடிகிற இடத்தில் இன்னொரு நான்.
நழுவிப் போக
ஊசி நுழையும் இடைவெளி இல்லை.

பதினொராயிரத்து ஐந்நூறு என்றேன்.
ஏலாது என்று சொல்வாள், குறைப்போம் என்றிருந்தேன்.
"வியாழன் ஐயாயிரம் தாறன். மிச்சம் சம்பளத்துக்கு"
என்று சொல்லிக் குடையை விரித்தாள்.

அன்று பின்னேரம் என் வாயையே
கழற்றிப் பார்த்தேன்.
பாட்ஸ் வரல்ல.
கரண்ட் போயிட்டு.
நேரம் கிடைக்கல்ல.
கட்டாரில் இருக்கிற காக்காவோடு நாலு பெருநாளாய்க் கதை இல்லை.
கேட்பவரிடம், "ஒரு வார்த்தை வந்திட்டு,
தொடர்பு விட்டுப்போயிட்டு" என்பேன்.
வார்த்தை என்ன வாடைக்காற்றா
தானாய் வர?
விட்டது என்ன சார்ஜர் வயரா?
காசு கேட்டவன் நான்.
அவன் உழைப்பைச் சொல்லிக் காட்டியவனும் நான்.
சின்ன ஸ்க்ரூவை உதட்டில் கவ்வுவதுபோல
அந்த வசனத்தைக் கவ்விக்கொண்டிருந்தேன்,
துப்பவுமில்லை, முடுக்கவுமில்லை.

வியாழன் அவள் வந்தாள், ஐயாயிரத்தோடு.
"பாட்ஸ் வர..." என்று தொடங்கி
நிறுத்தினேன்.
"நான் இன்னும் ஓடர் போடல்ல."
"எப்ப போடுவீங்க?"
கோபமே இல்லை. திகதி மட்டும் கேட்டாள்.
"இப்ப" என்று போனை எடுத்தேன்.

கொழும்புக் கடையின் நம்பருக்கு
நேர் மேலே காக்காவின் நம்பர்.
கொழும்புக்கு எடுத்தேன்.

காக்காவோடு பேச இன்னும் வாய்க்கவில்லை
என்று இங்கே எழுதியிருந்தேன்.
வெட்டிவிட்டேன்.
நான் இன்னும் எடுக்கவில்லை.