கடைசிப் பாதை

காட்சி ஒன்று. வெளி. இரவு.
குருமண்வெளித் துறை.
ஆற்றைக் கடக்கும் இரும்புத் தட்டுக்கும்
எங்கள் பக்கம் பாதை என்றே பெயர்.
கடைசிப் பாதையில் ஒரு பெண் ஏறுகிறாள்.
மண்டூர்க் கரையில் அவள் இறங்கவில்லை.

இவ்வளவும் எழுத ஒரு பின்னேரம்.
மிச்சத்துக்கு ஆறு வருடம்.

முதற்பிரதியில் பேய்கள் பதினாலு.
டைல்ஸ் கடை றிஸ்மி முதலாளி
கல்முனையில் பிளேன்ரீ வாங்கித் தந்து
பன்னிரண்டைக் கொன்றார்.
"ரெண்டு போதும் மிஸ்,
சாப்பாட்டுப் பார்சல் கணக்கும் இரிக்கிதானே."
இரண்டில் ஒன்றுக்குக் கனடா விசா வந்தது.
மிஞ்சியதைக் கொலுசுச் சத்தமாக்கினேன்.
"கொலுசு எல்லாப் படத்திலயும் வருது"
என்றான் இயக்குநர் கோபிதரன்.
ஐந்தாம் பிரதியில்
பலகையில் ஒரு ஈரப் பாதத்தடம்.
செலவு: ஒரு வாளி தண்ணீர்.

கொழும்பிலிருந்து வந்த கமராக்காரர் கேட்டார்,
மட்டக்களப்பென்றால் மீன் பாடாதா?
பாடும், சம்பளம் கேட்கும் என்றேன்.

பகலில் களுவாஞ்சிக்குடி ரியூட்டரியில்
சாதாரண தரத்துக்கு நிகழ்தகவு.
பையொன்றில் சிவப்புப் பந்து மூன்று, நீலம் இரண்டு.
திருப்பி வைக்காமல் எடுத்தால்
என்று எழுதும்போது மட்டும்
சோக்கட்டி உடையும்.

பாதையில் தலை எண்ணும் பெடியன் லிதுர்சன்.
இருபத்திரண்டு வயது, ஒரு காதில் இயர்போன்.
கதை சொன்னேன்.
அக்கரை வரும்வரை கேட்டான்.
"பயமில்ல மிஸ்."
ஏன்?
"ஏறினது பன்னிரண்டு, இறங்க நிக்கிறது பதினொண்டு எண்டா
நான் கயித்தைக் கட்டமாட்டன்.
ஆரும் வீட்ட போகேலா.
மறுகா, அதெல்லோ பயம்."

அன்றிரவு
பேயை வெட்டினேன், ஈரத்தை வெட்டினேன்,
தொண்ணூறு பக்கத்தில் முப்பத்தெட்டு மிஞ்சியது.
நடு ஆற்றில் நின்றுபோன பாதை.
பதினொரு பேர்.
பன்னிரண்டாவது ஆளுக்கு
நகர்ந்து இடம் விட்டது எல்லோருக்கும் ஞாபகம்.
முகம் ஒருவருக்கும் இல்லை.
கரையில் யாரோ ரோர்ச் அடித்து
அணைத்து
அடிக்கிறார்கள்.

ஆரையம்பதிக் கலியாண மண்டபத்தில் திரையிட்டார்கள்.
நூற்றிப்பத்துக் கதிரை, வாடகைப் புரொஜெக்டர்.
அந்த ரோர்ச் வெளிச்சத்தில்
நாலு நிமிடம் ஒருவரும் இருமவில்லை.
நாலு நிமிடம். நான் மணிக்கூடு பார்த்தேன்.

பிறகு எழுத்துகள் ஓடின.
கதை, திரைக்கதை, இயக்கம்: கோபிதரன்.
நன்றி என்ற வரிசையில்
றிஸ்மி டைல்ஸுக்கும் ஜெனரேட்டர்க் கடைக்கும் நடுவே
ழகரம் ளகரமாகி என் பெயர்.
லிதுர்சன் பின்வரிசையிலிருந்து
எழும்பிப் போகிற தலைகளை எண்ணினான், பழக்கதோஷம்.
என்னைப் பார்த்து நிறுத்தினான்.
"மிஸ், நீங்க இன்னும் இறங்கேல்லயா?"

விடிய ஏழு மணிக்கு முதலாளி.
"அடுத்த படம் முதலை மிஸ்!"
முதல் எவ்வளவு என்றேன்.
"முதல் இல்ல. முதலைதான்.
அதையும் கனக்கக் காட்டவேணாம்."

திருத்தாத பரீட்சைத் தாளொன்றைப் புரட்டி
வெறும் பக்கத்தில் எழுதுகிறேன்.
காட்சி ஒன்று. வெளி.
பகல்.
பகலென்றால் லைட் வாடகை மிச்சம்.