கயிறு அறுத்த கணக்கு

ஐந்நூற்றொன்று என்று எழுதியிருக்கிறீர், எஸ்தாக்கி.
இருக்கட்டும். "ஆத்திரத்தில்" என்ற சொல்லை மட்டும் அடித்துவிடும்.
ஆத்திரம் இல்லை. கத்தி இடுப்பில் இருந்தது,
சூரை அறுத்த கத்தி, கழுவக்கூட இல்லை.

கோயில் பதிவேட்டில் அதற்குப் பெயர் சமுத்திர விளக்கு.
கடலுக்குப் போகிறவன் வாயில் தட்டான்.
பளிங்குத் தகடு பதின்மூன்று, நடுவே செம்புக் கம்பி.
இறகு கிடையாது, எண்ணெய் கிடையாது.
உப்புத்தண்ணீரில் முக்கி வெயிலில் வைத்தால்
பால் குடித்த பிள்ளைபோல முனகிக்கொண்டே
பனை உயரத்துக்கு எழும்பும்.
கயிற்றைப் பருமலில் முடிந்துவிட்டால்
நீவாடு எங்கே இழுத்தாலும்
அதன் கூர்முகம் பெருமணல் கரையைப் பார்த்தே நிற்கும்.
ஆறாமீன் மூடிக்கிடக்கும் இரவில்
அடிவயிற்றில் ஒரு நீலம் நடக்கும்.
நீலம் சாய்ந்த பக்கம் வள்ளத்தைத் திருப்பு,
அவ்வளவுதான் படிப்பு.

வருஷத்தில் பத்து நாள் அது கடலுக்கு இல்லை.
கொடியேறியதும் சப்பரத்துக்கு மேலே கட்டுவீர்கள்.
மல்லிகை சுற்றுவீர்கள். பன்னீர் தெளிப்பீர்கள்.
உப்பில்லாத தண்ணீர் அதற்கு ஆகாது,
தும்மும். பிள்ளைகள் சிரிக்கும்.
கயிறு பிடிக்கிற முறை இந்த வருஷம் எங்கள் வீட்டுக்கு.
வீட்டில் நான் ஒருத்திதான். நான் பிடித்தேன்.

ஒன்பதாம் திருவிழா, மேலத்தெரு முக்கு.
கச்சான் எழும்பி
மாலையின் இதழெல்லாம் ஒரே பக்கமாய்ப் பறந்தன.
கூட்டத்துக்குள் யாரோ சொன்னார்கள்:
"கயத்தான் வள்ளம் இன்னும் அணையல."
நாலு பேர். திருவிழாவில் கடலுக்குப் போகக்கூடாது, தெரியும்.
கடன்காரனுக்கு எந்தத் திருவிழா?
எனக்கே ஏழாயிரம் தரவேண்டும் அவன்.

இதையும் எழுதும்: முதலில் அந்த ஏழாயிரத்தை நினைத்தேன்.
பிறகு, ஏலத்தில் அவன் என்னைத் திட்டியதை.
பிறகு அந்த வள்ளத்துச் சின்னப்பையனை,
பெயர் தெரியாது, முன்பல் உடைந்தவன்,
ஐஸ் கட்டியைக் கடித்துக் கடித்துத் தின்பவன்.
கயிறு விட்டால் கடலில் திசைகெட்டவனை அது தேடிப்போகும்
என்று சொல்வார்கள் அல்லவா.
பிறகு நினைத்தது ஞாபகம் இல்லை.

பேண்டு நின்றது. சாமியார் நின்றார்.
வேட்டு நிற்கவில்லை, திரி முன்னமே பற்றியிருந்தது.

தட்டான் ஒரு சுற்றுச் சுற்றி
மல்லிகையை உதறியது.
தெற்கே போ, தெற்கே, என்று கத்தினேன்.
வடக்கே போனது.
உடைமரக்காட்டைத் தாண்டி, காவல்கிணற்றுப் பக்கம்,
காற்றாடிகளின் சிவப்பு விளக்குகள்
சேர்ந்து விழித்துச் சேர்ந்து மூடும் கூட்டத்துக்குள்.
எந்த ஊர்த் திருவிழா என்று நினைத்ததோ.

விடியுமுன் வள்ளம் வந்தது.
எதை வைத்து வந்தாய் என்று கேட்டேன்.
"மைக்செட்டை வச்சுத்தான்," என்றான் கயத்தான்.
"யாரு எவ்வளவு நன்கொடைன்னு ராத்திரி முச்சூடும்
ஒரே ஆளு வாசிச்சாரே.
சத்தம் வந்த பக்கம் ஓட்டினேன்."
வாசித்தது நீர்தான், எஸ்தாக்கி.

ஆக, நான் அறுத்ததால் ஒருத்தரும் பிழைக்கவில்லை.
அதற்கும் ஒரு வரி விடும்.

பத்தாம் நாள் வெறும் கயிற்றோடு சப்பரம் சுற்றினீர்கள்.
கயிற்றுக்கும் மல்லிகை. பார்த்தேன்.
பன்னீர் விழுந்தபோது தும்மல் வரவில்லை என்று
லில்லிப்பூ மகள் அழுதாள்,
மிட்டாய் கொடுத்தும் அடங்கவில்லை.

இன்னொன்று, இது எழுதுவதற்கு அல்ல.
பொழுது சாயும்போது கடலுக்குள் நின்று பார்த்தால்
காற்றாடிகளுக்கு மேலே ஒரு மினுக்கம் தெரிகிறதாம்.
கோயில் கோபுரத்தை அதோடு நேர்வைத்துக்
கணியம் பிடித்திருக்கிறான் கயத்தான்.
வெளியே சொல்லவில்லை. அந்தப் பாரில் நல்ல சீலா.
ஏழாயிரத்தில் நாலாயிரம் வந்துவிட்டது.

இந்தாரும் அபராதம்.
மீன்காசு, சில்லறை, ஈரமாக இருக்கும்.
எண்ணிக்கொள்ளும்.