நாலாவது படம்

பாளையங்கோட்டை ஸ்கேன் சென்டரில்
மருந்து கலந்த இட்லி கொடுத்து
மணிக்கொரு படம் எடுத்தார்கள்.
நாலாவது படத்திலும் பாதி இட்லி
ஏறின இடத்திலேயே உட்கார்ந்திருந்தது.

இருபத்திரண்டு வருஷம் பாபநாசம் வண்டியில்
விசிலடித்து ஆள் இறக்கியவன் நான்.

"சர்க்கரை நரம்பைத் தின்னுட்டு,
வயிறு தள்ள மறந்துபோச்சு"
என்றாள் டாக்டர் ஜெசிந்தா.
மூணு வருஷம் அல்சர் மாத்திரை முழுங்கினதைச் சொன்னேன்.
எழுதிக்கொண்டாள்.

முருங்கைக்காய் போட்ட சொதி கிடையாது இனி.
குழைந்த சோறு, அரைக் கிண்ணம், ஆறு தரம்.
மகள் கல்யாணப் பந்தியில்
ரெண்டு வாயோடு இலையை மூடினேன்.
சம்பந்திக்கு முகம் செத்துப்போச்சு.

ராத்திரி பத்துக்கு மேல்
வீரவநல்லூர் மெயின் ரோட்டில் நடக்கிறேன்,
புளித்த ஏப்பத்தோடு.
மத்தியானம் ஏறினீரு,
இன்னும் பேட்டையே தாண்டலையே வே.
இறங்கும்.
டிக்கெட் கூட வேண்டாம்.