பின்பக்கம் ஐந்து காசு

முன்பக்கம் பத்துக் காசு, பின்பக்கம் ஐந்து.
சம்பளத்துக்கு இன்னும் ஒன்பது நாள் இருந்ததால்
நான் திரைக்குப் பின்னால் உட்கார்ந்தேன்,
படம் ஊடுருவ ஆ லெக் தெளித்த தண்ணீர்
சொட்டுச் சொட்டாய்க் கழுத்தில் இறங்க.

சுங்கை சிப்புட் சந்தைத் திடல்.
செங்கமலம் முன்பக்கம், அத்தைமார் நடுவில்.
எங்கள் இருவருக்கும் இடையே
ஒரு நனைந்த துணி,
அதில் ஓடிக்கொண்டே இருந்த ஒரு வெள்ளைக்காரன்.

எழுத்துகள் எனக்கு முதுகைக் காட்டின.
நேராய் நின்றிருந்தாலும் இங்கிலீஷ்தான், நட்டமில்லை.
அப்பாதுரை பிரம்போடு கதை சொன்னார், முன்பக்கம் நின்று.
"பாருங்க, இப்ப அந்தப் பொண்ணு..."
அதற்கப்புறம் தவளைச் சத்தம்.

கண்ணால் பார்த்ததை மறுக்க முடியுமா?
அந்த ஒல்லிப் பயல் மதிலேறி விழுந்து
வாளிக்குள் காலை விட்டு, வாளியோடே நடந்து
கடைசியில் ரோஜாவை நீட்டினான்,
இடது கையால்.
அவள் மயங்கி அவன் தோளில் விழுந்தாள்.

இடது கை. குறித்துக்கொண்டேன்.
மூன்று நாள் மரத்துக்கு மரம் ஒத்திகை.
முன்னூறு மரத்தில் ஒன்றுகூடக் கோபிக்கவில்லை.

நாலாம் நாள், பால் நிறுக்கும் கொட்டகை.
கங்காணி வெற்றிலை துப்பப் போன நொடியில்
துரை பங்களா ரோஜாவை நீட்டினேன்.
செங்கமலம் பூவைப் பார்க்கவில்லை.
"பீச்சாங்கையிலயா குடுக்குற?"
தராசே ஒரு பக்கம் சாய்ந்தது.

பின்வாங்கிய கால் வாளிக்குள் போனது.
(இதுவும் படத்தில் உண்டு. இதைச் சரியாகச் செய்தேன்.)
இரண்டு காலன் பால் தரையில் படர
அதன்மேல் நான் படர
தலைமுடி, மீசை, ரோஜா எல்லாம் சேர்ந்து உறைந்தன.

கிராணி பேரேட்டை விரித்தார்.
அரைநாள் சம்பளம் பிடித்தம்.
காரணம் எழுதும் கட்டத்தில்
பேனா வெகுநேரம் நின்றது.
பிறகு, 'பூ' என்று எழுதினார்.

மறுமாதமும் அதே படம். ஆ லெக்கிடம் வேறில்லை.
எனக்கு மொட்டை. ஒட்டுப்பால் அப்படித்தான் போகும்.
வாளி வருகிற நேரம் பார்த்துப்
பக்கத்துப் புல் அசைந்தது.
தண்ணீர் குடிக்கப் போவதாய்ச் சொல்லிவிட்டு வந்தவள்
குந்தி உட்கார்ந்து அண்ணாந்தாள்.

ஒல்லிப் பயல் நீட்டினான்.
செங்கமலம் அவன் கையைப் பார்த்தாள்.
என் மொட்டையைப் பார்த்தாள்.
முந்தானையை வாயில் திணித்துக்கொண்டும்
அடக்க முடியவில்லை அவளுக்கு.

"யாருடா அங்க சிரிக்கிறது, இது சோகக் கட்டம்!"
அப்பாதுரை பிரம்பால் துணியில் ஓங்கி அடித்தார்.
மிச்சத் தண்ணீர் அத்தனையும்
மொத்தமாய் எங்கள் இருவர்மேல்.