ஒரு ரூபாய் பெறப்பட்டது

போன ஆடியில் வங்கிப் பையன் வந்து
கடலைமிட்டாய் ஜாடிக்குப் பக்கத்தில்
அந்தப் பெட்டியை வைத்துவிட்டுப் போனான்.
அதற்குத் தெரிந்தது ஒரே வாக்கியம்.
அதுவும் மாரண்டஅள்ளி முழுக்கத் தேடினாலும்
எவரும் பேசாத தமிழ்:
"இருபது ரூபாய் பெறப்பட்டது."

கடன் நோட்டு வாய் திறந்ததில்லை.
யார் பேருக்கு நேரே எவ்வளவு என்பது
எனக்கும் நூலில் தொங்கும் பேனாவுக்கும்தான் தெரியும்.
பெட்டி வந்த பிறகு
மாதையன் விடியலில் பீடிக்குப் போட்ட பத்து
எதிர்வீட்டுக்குள் போய் அவன் பெண்டாட்டியை எழுப்பியது.

தக்காளி கிலோ நாலு ரூபாய்க்கு இறங்கிய வாரம்.
ராயக்கோட்டை மண்டிக்கு ஏற்றினால்
வண்டி வாடகைக்கே கட்டாது.
ஏரிக்கரையில் கொட்டினார்கள்.
மாடுகூட முகர்ந்துவிட்டு நகர்ந்தது.
ரத்னம்மாவின் புருஷன் கெம்பண்ணன்
பெங்களூருக்குச் சென்ட்ரிங் வேலைக்குப் பஸ் ஏறினான்.
அவள் செல்போன், செவ்வாய்க்கிழமைக் குழுத் தவணைக்காக
அடகில் கிடந்தது.

முதல் தடவை என் நம்பருக்கு இரண்டாயிரம் போட்டான்.
பெட்டி கத்தியது.
உரக்கடைக்காரர் வந்து நின்றார்.
குழுத்தலைவி வந்து நின்றாள்.
சீட்டுக்காரி ஓடியே வந்தாள்.
ரத்னம்மா வந்து சேர்ந்தபோது மிச்சம் நூற்றி நாற்பது.
அதில் எண்பதை நான் எடுத்துக்கொண்டேன்.
இதை எழுதாமல் விட்டிருக்கலாம்.

மறுநாள் ராத்திரி ஏழரைக்கு
"ஒரு ரூபாய் பெறப்பட்டது."
யாரோ தப்பாக அழுத்திவிட்டார்கள் என்று நினைத்தேன்.
அடுத்த நாளும் ஏழரை.
மூன்றாம் நாள்தான் கவனித்தேன்:
ரத்னம்மா எதுவும் வாங்காமல்
புளியமரத்து இருட்டில் நிற்கிறாள்,
பெட்டி சொன்னதும் போய்விடுகிறாள்.

சாரத்திலிருந்து இறங்கிவிட்டான், சாப்பிடப் போகிறான்
என்று அதற்கு அர்த்தம்.
ஒரு ரூபாய்க்கு எந்தக் கடன்காரரும் ஓடி வருவதில்லை.
நோட்டில் அவள் பேரில் வரவு வைத்தேன்:
ஒன்று, ஒன்று, ஒன்று.

நேற்று ஏழரை தாண்டியது.
எட்டு. எட்டே கால்.
"மழைக்கு டவர் போயிருக்கும்" என்றேன்.
"ஆமாம்" என்றாள், வானத்தைப் பார்த்து.
ஒன்பதுக்கு ஷட்டரைப் பாதி இறக்கியபோது
பெட்டி கரகரத்தது.

"பத்து ரூபாய் பெறப்பட்டது."

மாதையன். கையில் போன், பீடிக்குக் கை நீட்டியபடி.
நாங்கள் இரண்டு பேரும் பார்த்த பார்வையில்
நீட்டிய கையை மடக்கிக்கொண்டான்.

அப்படியென்றால் டவர் இருக்கிறது.

அவள் ஒன்றும் சொல்லவில்லை.
நான் ஷட்டரை மறுபடி மேலே தூக்கினேன்.